கண்ணோட்டம்: கென்னத் கிளார்க்கின் கலைப் பயணம் பற்றி ஒரு திறனாய்வு

தொலைக்காட்சி என்னும் சொல்லைக் கேட்ட அளவிலேயே முகஞ்சுளிக்கும் பெரியோர் நம்மிடையே உளர். அவர்தம் அச்சத்தை அடியோடு தள்ளிவிடுவதற்கில்லை. பொழுதைத் தின்று, பேச்சைக் கெடுத்து, பார்வையை மழுக்கும் ஆற்றல் அப்பெட்டிக்கு உண்டு. ஆயினும் எழுதுகோல் பொய்யையும் எழுதும், மெய்யையும் எழுதும். பழியும் புகழும் அதைப் பிடித்த கைக்கே உரியவை. ஒளிப்படக் கருவிக்கும் இதுவே நீதி. அக்கருவியைக் கொண்டு ஓவியத்தையும் சிற்பத்தையும் கட்டடக் கலையையும் எளிய மக்களின் இல்லந்தோறும் கொண்டு சேர்த்த ஒருவரைப் பற்றி இங்கே ஆராய விழைகிறோம். அவர்தாம் ஆங்கிலக் கலை அறிஞர் கென்னத் கிளார்க்.

அவர் நம் சமயத்தவரல்லர், நம் நாட்டினருமல்லர். பிறகு நமக்கேன் அவர் கதை என்று வாசகர் வினவக்கூடும். காரணம் உண்டு. ஐரோப்பிய நாகரிகம் எங்கே பிறந்தது, யாரால் வளர்ந்தது, யாரால் இடையூறுற்றது என்று இன்று கற்றவர் மனத்தில் படிந்திருக்கும் சித்திரத்தை வரைந்தோருள் அவர் முதன்மையானவர். அந்தச் சித்திரத்தில் முஸ்லிம்கள் எவ்விடத்தில் நிற்கிறார்கள் என்பதை நம் பிள்ளைகள் அறியாமலேயே ஏற்றுக்கொள்கிறார்கள். எனவே அதை அறிந்து ஆராய்வது நம் கடமையாகிறது.

ஆராயும் முறையையும் முதலிலேயே சொல்லிவிடுகிறோம். ஹதீஸ் கலை வல்லுநர்களான நம் முன்னோர் ‘ஜர்ஹு – தஃதீல்’ என்றொரு துறையை வகுத்தனர். அறிவிப்பாளரின் குறையை உரைப்பது ஜர்ஹு. நிறையை உரைப்பது தஃதீல். இரண்டையும் ஒரே ஏட்டில், ஒரே நேர்மையோடு எழுதினர். ஒரு கூட்டத்தார் மீதுள்ள வெறுப்பு உங்களை நீதி தவறச் செய்ய வேண்டாம் எனத் திருமறையின் ஐந்தாம் அத்தியாயம் எச்சரித்திருக்க, அவர்கள் வேறெப்படிச் செய்திருக்க முடியும்? அம்முறையிலேயே முதலில் நிறையைக் கூறுவோம்.

செல்வத்தில் பிறந்த கல்வி

கிளார்க் 1903ஆம் ஆண்டு இலண்டனில் பிறந்தார். ஸ்காட்லாந்தின் பெய்ஸ்லி நகரில் நூல் ஆலை நடத்திப் பெரும்பொருள் ஈட்டிய குடும்பம் அவருடையது. ஆக்ஸ்போர்டில் பயின்றார், பின்னர் இத்தாலியின் புளோரன்சு நகரையடுத்து வாழ்ந்த ஓவிய ஆய்வாளர் பெரன்சனிடம் சில காலம் பணியாற்றினார். 1934இல், முப்பது வயதிலேயே, இலண்டன் தேசியக் கலைக்கூடத்தின் இயக்குநரானார்.

இரண்டாம் உலகப் போர் மூண்டபோது அவர் ஆற்றிய பணி நினைவில் நிறுத்தத்தக்கது. குண்டுவீச்சுக்கு அஞ்சிக் கலைக்கூடத்தின் ஓவியங்கள் அனைத்தும் வேல்சுக்கு அனுப்பப்பட்டன. 1941 முதல் அவை அங்குள்ள மேனாட் என்னும் கற்சுரங்கத்தில் காக்கப்பெற்றன. வெற்றுச் சுவர்களோடு நின்ற கூடத்தைக் கிளார்க் பூட்டி வைக்கவில்லை. மைரா ஹெஸ் அம்மையார் அங்கே நண்பகல் தோறும் இசையரங்கு நடத்த இடமளித்தார். 1942 முதல் மாதம் ஓர் ஓவியத்தைச் சுரங்கத்திலிருந்து வரவழைத்து மக்கள் காண வைத்தார். இடிபாடுகளுக்கிடையே வாழ்ந்த மக்கள் அந்த ஒற்றை ஓவியத்தைக் காண வந்தார்கள். கலை என்பது செல்வர் மாளிகைக்கு மட்டும் உரியதன்று என்னும் கொள்கையை அவர் ரஸ்கினின் நூல்களிலிருந்து பெற்றிருந்தார். போர்க்காலம் அக்கொள்கையை மெய்ப்பித்துக் காட்டியது.

போருக்குப் பின், 1954இல் பிரிட்டனில் வணிகத் தொலைக்காட்சியை மேற்பார்வையிட அமைந்த ஆணையத்தின் முதல் தலைவர் பொறுப்பை ஏற்றார். பதவியை விட்ட பின்னர் தாமே திரையில் தோன்றிக் கலை பற்றிப் பேசத் தொடங்கினார். 1958இல் வந்த அவரது முதல் தொடர் பெரிதும் சோபிக்கவில்லை. பிறரைக் கூட்டி வைத்து உரையாடுவதை விடுத்து, தாம் ஒருவராக நின்று ஓவியத்தைக் காட்டி விளக்கியபோதே அவருடைய ஆற்றல் வெளிப்பட்டது. அவ்வாறு பல ஆண்டுகள் பழகிய பின்னரே அவருடைய பெரும்பணி வந்து வாய்த்தது.

பதின்மூன்று மாலைகள்

பி.பி.சி. நிறுவனத்தின் இரண்டாம் அலைவரிசையில் வண்ண ஒளிபரப்பு 1967இல் தொடங்கியது. அதன் பொறுப்பாளராயிருந்த டேவிட் அட்டன்பரோ, வண்ணத்தின் பெருமையை மக்கள் உணரும்படி மேலைநாட்டுக் கலைச் செல்வங்கள் அனைத்தையும் காட்டும் தொடர் ஒன்றை விரும்பினார். கிளார்க்கிடம் பேசும்போது ‘நாகரிகம்’ என்ற சொல்லை அவர் உச்சரிக்க, அச்சொல்லே கிளார்க்கைப் பற்றிக்கொண்டது. மைக்கேல் கில் முதலிய இயக்குநர்களோடு ஏறத்தாழ மூன்றாண்டுகள் உழைத்து, நூற்றுக்கு மேற்பட்ட இடங்களில் படம்பிடித்து, 1969 பிப்ரவரியில் ‘நாகரிகம்’ ஒளிபரப்பாயிற்று. மொத்தம் பதின்மூன்று பகுதிகள். ஒவ்வொன்றும் ஐம்பது நிமிடம். அடுத்த ஆண்டு அமெரிக்க இல்லங்களையும் அது சென்றடைந்தது. வாஷிங்டன் தேசியக் கலைக்கூடத்தில் அதைத் திரையிட்டபோது அரங்கு கொள்ளாத கூட்டம் திரண்டது.

இத்தொடரின் சிறப்பை மறைப்பது அநீதி. கிளார்க் கேட்பவரைத் தாழ்வாக எண்ணிப் பேசுவதில்லை. தம் கல்வியைக் காட்டி மிரட்டுவதுமில்லை. நல்ல உஸ்தாத் ஒருவர் கிதாபை விரித்து வைத்து, மாணவனின் விரலைப் பிடித்து வரியின்மீது நகர்த்துவது போல, அவர் கட்டடத்தின் முன் நின்று நம் பார்வையை நகர்த்துகிறார். சிலபோது பேச்சை நிறுத்திக்கொண்டு படத்தையும் இசையையும் பேச விடுகிறார். எப்போது வாய்மூட வேண்டும் என்பதை அறிந்த ஆசிரியர் அரியர். இறுதிப் பகுதியில் தம் உள்ளக் கொள்கைகளை ஒளிக்காமல் அறிவிக்கும்போது, ஒழுங்கும் மென்மையும் மன்னிப்பும் அறிவும் மேலானவை என்றும், பிறர் மனம் நோகாது நடக்கும் பண்பைத் தாம் பெரிதும் மதிப்பதாகவும் சொல்கிறார். பின் தம் நூலகத்துக்குள் நடந்து சென்று, அங்கிருந்த ஹென்றி மூரின் மரச் சிற்பத்தைப் பரிவோடு தட்டிக்கொடுக்கிறார். பார்ப்போர் மறவாத காட்சி அது. இவ்வளவும் தஃதீல்.

டப்ளின் நகரத்து இரு சுவடிகள்

இனிக் குறையைக் கூறுவோம். முதற்பகுதியிலேயே கிளார்க் ‘கெல்ஸ்’ என்னும் கிறித்தவ வேதச் சுவடியின் பூவேலைப் பக்கங்களைக் காட்டுகிறார். ஏறத்தாழ கி.பி. 800ஐச் சார்ந்த அச்சுவடி டப்ளின் நகரில் டிரினிட்டி கல்லூரியில் உள்ளது. உண்மையிலேயே கண்ணைக் கட்டி நிறுத்தும் வேலைப்பாடு அது. அதை அவர் புகழ்வதில் நமக்கு மனத்தாங்கல் இல்லை. ஆனால் புகழும் வேகத்தில், இஸ்லாமியக் கலையில் உள்ள எதனையும் விட இது நுட்பமும் மெருகும் மிக்கது என்று ஒரு தீர்ப்பை உதிர்த்துவிட்டு நகர்ந்து விடுகிறார். ஒப்பிடப்பட்ட பொருள் எது? எந்நூற்றாண்டினது? யாருடைய கைவேலை? ஒன்றும் காட்டப்படவில்லை. வாதியின் சாட்சியை மட்டும் கேட்டுப் பிரதிவாதியைக் கூண்டிலும் ஏற்றாமல் எழுதிய தீர்ப்பு இது.

பிரதிவாதியைத் தேட அவர் தொலைதூரம் போக வேண்டியதில்லை. அதே டப்ளின் நகரில், செஸ்டர் பீட்டி நூலகத்தில், இப்னுல் பவ்வாப் தம் கையால் எழுதிய குர்ஆன் பிரதி உள்ளது. ஹிஜ்ரி 391இல், அதாவது கி.பி. 1000–1001இல், பக்தாதில் முடிக்கப்பெற்ற சுவடி அது. எழுத்தின் அளவைப் புள்ளிக் கணக்கால் வரையறுத்த இப்னு முக்லாவின் மரபை ஏற்று அதற்கு அழகின் முழுமையைத் தந்தவர் இப்னுல் பவ்வாப் என்பது கலை வரலாறு அறிந்தோர் முடிவு. ஒரே ஊரில் இருக்கும் இரு சுவடிகளையும் அடுத்தடுத்துக் காட்டிவிட்டு, அதன் பின்னரும் அவர் கெல்ஸே சிறந்தது எனச் சொல்லியிருந்தால், அதை ஓர் அறிஞரின் கருத்து என நாம் மதித்திருப்போம். காட்டாமல் சொன்னதே குறை.

இக்குறையின் வேர் அவருடைய அளவுகோலில் இருக்கிறது. மனித உருவைச் சிறப்பாக வடித்ததைக் கொண்டே ஒரு சமுதாயத்தின் நாகரிகத்தை அளக்கும் வழக்கம் அவருக்கு உண்டு. ‘நிர்வாணம்’ என்ற அவரது 1956ஆம் ஆண்டு நூல் கிரேக்க மனித உருவின் வரலாறே. தொடரின் தொடக்கத்திலும் ஆப்பிரிக்க முகமூடி ஒன்றையும் ‘பெல்விடியர் அப்போலோ’ சிலையையும் அருகருகே வைத்து, பின்னதே உயர்ந்த நாகரிக நிலையைக் காட்டுவதென்கிறார். இந்த அளவுகோலைக் கையில் வைத்திருப்பவர் பள்ளிவாசலுக்குள் நுழைந்தால் அங்கே அளப்பதற்கு ஒன்றுமே இராது. இறைவனின் முன்னிலையில் உருவங்களை நீக்கிவிட்டு, எழுத்தையும் வடிவக் கணிதத்தையும் ஒளியையும் கொண்டு அழகு படைத்த சமுதாயத்தை எடைபோடத் தராசு வேறு வேண்டும். பால் அளக்கும் படியைக் கொண்டு துணி அளக்கலாகாது.

வரைபடத்தில் விடுபட்ட நாடு

இரண்டாம் குறை இதனினும் பெரிது. மேலை ஐரோப்பாவின் கலைக் கதையைச் சொல்லும் பதின்மூன்று பகுதிகளில் ஸ்பெயின் இல்லை. கலை வரலாறு எழுதுவதாயின் அந்நாட்டை விட்டிருக்க முடியாது. மனித அறிவை முன்னேற்ற அது செய்தது என்ன என்று கேட்டால் விடை அத்துணைத் தெளிவாயில்லை என்னும் கருத்தில், தொடரின் நூல் வடிவத்துக்கு எழுதிய முன்னுரையில் கிளார்க் சமாதானம் கூறுகிறார்.

இவ்விடத்தில் நாம் வியப்படையாமல் இருக்க முடியவில்லை. குர்துபா என்னும் கார்டோபாவில் 1126இல் பிறந்த இப்னு ருஷ்தின் அரிஸ்டாட்டில் உரைகளை ஐரோப்பியப் பல்கலைக்கழகங்கள் நூற்றாண்டுக்கணக்கில் கற்றன. தாமஸ் அக்வினாஸ் அவரைப் பெயர் சொல்லாமல் ‘உரையாசிரியர்’ என்றே குறிப்பிட்டார். கிரிமோனா நகரத்து ஜெரார்டு, தாலமியின் ‘அல்மஜெஸ்ட்’ என்னும் வானநூலை 1175இல் அரபியிலிருந்து இலத்தீனுக்கு ஆக்கியது ஸ்பெயினின் தொலேதோ நகரில்தான்.

கிளார்க் உருகி உருகிப் பேசும் பிரான்சின் சார்த்ர் பேராலயத்தையே எடுத்துக்கொள்வோம். அதன் மேற்கு வாயிலில் அரிஸ்டாட்டிலும் பித்தகோரசும் செதுக்கப்பட்டிருப்பதை அவர் பெருமிதத்தோடு காட்டுகிறார். தாலமியின் மற்றொரு நூலை அரபியிலிருந்து மொழிபெயர்த்த கரிந்தியா நாட்டு ஹெர்மன் அதனை 1143இல் காணிக்கையாக்கியது, அதே சார்த்ரின் பேராசிரியர் தியரிக்குத்தான். கிரேக்க ஞானம் அந்த வாயிலுக்கு எத்தனையோ வழிகளில் வந்து சேர்ந்தது. அவற்றுள் ஒன்று அரபு மொழி பேசிற்று. வாயிலைக் காட்டியவர் அவ்வழியைக் காட்ட மறந்தார்.

முஸ்லிம்களை அவர் முற்றிலும் மறந்தார் எனினும் பிழையாகும். அண்ணல் நபி (ஸல்) அவர்கள் போதித்த மார்க்கத்தின் எளிமையையும், அது தன்னைப் பின்பற்றியோருக்கு அளித்த அசைக்கவொண்ணா ஒற்றுமையையும் அவர் ஒப்புக்கொள்கிறார். ஆனால் அதற்கடுத்து, ஐம்பதாண்டுக்குள் பழைய கிரேக்க, உரோம உலகம் அவர்களால் விழுங்கப்பட்டு எலும்புக்கூடாய் எஞ்சியது என்னும் சித்திரத்தை வரைகிறார். 732இல் புவாத்தியே போரில் சார்லஸ் மார்ட்டல் வென்றிராவிடில் மேலை நாகரிகமே இருந்திராது என்ற பழைய பாடத்தையும் ஒப்பிக்கிறார். அந்த ‘எலும்புக்கூட்டின்’ மீதுதான் 715இல் திமிஷ்க் நகரத்து உமையாப் பள்ளிவாசல், பைசாந்தியப் பாணியிலான பொன்வண்ணச் சில்லோவியங்களோடு நிறைவுற்றது. அந்த உலகில்தான் கிறித்தவரான ஹுனைன் இப்னு இஸ்ஹாக் அப்பாசியக் கலீபாக்களின் ஆதரவில் காலனின் மருத்துவ நூல்களை அரபியில் தந்தார். விழுங்கியவர்கள் இவ்வளவு பொறுமையாக மொழிபெயர்ப்பதில்லை.

ஒளிப்படக் கருவி அங்கே போக இயலாமல் இருந்ததா? அதுவுமில்லை. ‘நாகரிகம்’ தொடருக்கு இணையாக அறிவியல் வரலாற்றைச் சொல்ல, அதே பி.பி.சி. 1973இல் ஜேக்கப் புரோனோவ்ஸ்கியைக் கொண்டு ‘மனிதனின் ஏற்றம்’ என்னும் தொடரை வெளியிட்டது. போலந்தில் யூதக் குடும்பத்தில் பிறந்த கணித அறிஞர் அவர். அவர் கிரனடாவின் அல்ஹம்ரா அரண்மனைக்குள் நின்று, அதன் சுவர் ஓடுகளின் கோலங்களில் சமச்சீர்மை என்னும் கணித உண்மை எவ்வாறு உறைந்திருக்கிறது என்பதை விளக்கினார். கலை அறிஞர் கடந்துபோன சுவரின்முன் கணித அறிஞர் நின்று படித்தார்.

மறுத்துரைத்தவர்கள்

கிளார்க்குக்கு மறுப்பு அவர் நாட்டிலேயே எழுந்தது. 1972இல் ஜான் பெர்ஜர், மைக் டிப் என்பாரின் இயக்கத்தில், அரைமணி நேரப் பகுதிகள் நான்கு கொண்ட ‘பார்க்கும் முறைகள்’ தொடரை அதே நிறுவனத்தில் வழங்கினார். போத்திச்செல்லி ஓவியத்தின் பிரதியொன்றைக் கத்தியால் அறுப்பதே அதன் தொடக்கம். கெய்ன்ஸ்பரோ தீட்டிய ஆண்ட்ரூஸ் தம்பதியர் ஓவியத்தில் இயற்கையின் இன்பத்தைக் காண்பதோடு நின்ற கலை அறிஞர்களைப் பார்த்து, அத்தம்பதியர் பின்னே விரிந்து கிடக்கும் நிலம் யாருடையது என்று கேட்டார். கலைக்குப் பின்னே உடைமையும் அதிகாரமும் நிற்கின்றன என்பது அவர் வாதம். முதற்பகுதியின் முடிவில், தாம் தொகுத்துக் காட்டுவதையும் ஐயத்தோடே அணுகுமாறு பார்ப்போரைக் கேட்டுக்கொண்டார். ஃபத்வா எழுதும் முஃப்தி இறுதியில் ‘வல்லாஹு அஃலம்’ என எழுதுவது நம் நினைவுக்கு வருகிறது. ஆயினும் பெர்ஜரும் ஐரோப்பாவின் எண்ணெய் வண்ண ஓவியங்களையே பெரிதும் சுற்றி வந்தார். கிளார்க்கின் வீட்டுக்குள் புகுந்து கணக்குக் கேட்டாரேயன்றி, அடுத்த வீட்டின் கதவைத் தட்டவில்லை.

கிளார்க் 1983இல் காலமானார். 2018இல் பி.பி.சி. ‘நாகரிகங்கள்’ என்று பன்மையில் பெயரிட்டு, ஒன்பது பகுதிகளில் புதிய தொடர் வெளியிட்டது. சைமன் ஷாமா, மேரி பியர்ட், டேவிட் ஒலுசோகா ஆகிய மூவர் அதை வழங்கினர். இஸ்தான்புல் பள்ளிவாசலின் எழுத்தணிக் கலை அதில் இடம்பெற்றது. ஆப்பிரிக்கக் கலைக்கும் உரிய இடம் கிடைத்தது. ஒருமை பன்மையான இம்மாற்றம் மகிழத்தக்கதே. ஆனாலும் உண்மையைச் சொல்ல வேண்டும். பரப்பு விரிந்தது, குரல் சிதறியது. ஒரு மனிதன் தன் வாழ்நாள் கல்வியைத் திரட்டித் தன் பொறுப்பில் சொல்லும்போது பிறக்கும் இசைவு அதில் குறைந்தது. எல்லோரையும் ஒரு பந்தியில் அமர்த்திவிட்டால் மட்டும் போதாது. இலையில் இட்டதை இன்னதென்று சொல்லிப் பரிமாறவும் ஆள் வேண்டும்.

கண்ணோட்டத்தின் இரு பொருள்

தம் தொடருக்குக் கிளார்க் ‘ஒரு தனிமனிதக் கண்ணோட்டம்’ என்னும் பொருளில் துணைத் தலைப்பிட்டிருந்தார். கீழை நாடுகளின் பெருநாகரிகங்களைத் தாம் மறந்துவிட்டதாக எவரும் எண்ணமாட்டார் என்ற நம்பிக்கையிலேயே பொதுத் தலைப்பை வைத்ததாகவும், பின்னர் அத்தலைப்பு தம்மை உறுத்தியதாகவும் முன்னுரையில் ஒப்புக்கொள்கிறார். அவருக்காக வாதிடுவோர் இதையே கேடயமாக ஏந்துவர். தனிக் கருத்தென்று சொல்லிவிட்ட பின் குறை கூறலாமா என்பர். நம் ஃபிக்ஹு கலையில் தனிக் கருத்துக்கு ‘ரஃயு’ என்று பெயர். அதற்கு இடமுண்டு, ஆனால் ஆதாரத்தைக் கண்ட பின்னரே அதற்கு இடம். கைக்கெட்டிய ஆதாரத்தைத் தேடாமல் சொன்ன ரஃயு, சொல்பவர் எத்துணைப் பெரியவராயினும், நிற்பதில்லை.

நாகரிகம் என்றால் என்னவென்று தமக்கு வரையறுக்கத் தெரியாது, கண்டால் அடையாளம் சொல்ல முடியும் என்று பாரிஸ் நகரின் பாலத்தருகே நின்று கிளார்க் தொடங்குகிறார். அவருக்கு ஆறு நூற்றாண்டுக்கு முன்னரே, செவில்லிலிருந்து பெயர்ந்த குடும்பத்தில் தூனிசில் பிறந்த இப்னு கல்தூன், 1377இல் எழுதிய ‘முகத்திமா’வில் ‘உம்ரான்’ என்ற பெயரால் அதை வரையறுக்க முற்பட்டார். நகர வாழ்வு செழிக்கும்போது கட்டடமும் நெசவும் எழுத்தும் இசையும் எவ்வாறு செழிக்கின்றன, ஆட்சி தளரும்போது அக்கலைகள் எவ்வாறு கைநழுவுகின்றன என்று காரண காரியத்தோடு ஆராய்ந்தார். நாகரிகம் எளிதில் உடையக்கூடியது என்னும் கிளார்க்கின் கவலை அவருக்கும் இருந்தது. இருவரும் சந்தித்திருந்தால் நெடுநேரம் உரையாடியிருப்பர் என்று எண்ணத் தோன்றுகிறது.

மற்றொரு முன்மாதிரி அல்பிரூனி. அவர் இந்திய மக்களின் அறிவையும் வழிபாட்டையும் அறிய வடமொழி கற்றார்; அம்மக்களின் தத்துவ நூல்களை அரபியில் ஆக்கினார்; 1030ஐ ஒட்டி அவர்களைப் பற்றிப் பெருநூல் எழுதினார். அது எதிர்வாத நூலன்று, அவர்கள் சொல்வதை அவர்கள் சொன்னவாறே எடுத்துவைக்கும் நூல் என்பதை முகப்பிலேயே அறிவித்தார். தம் சமயத்தில் உறுதியாக நின்றவாறே பிறர் சமயத்தை அவர்தம் சொல்லாலேயே விளக்கினார். பண்பாட்டை ஆவணப்படுத்தப் புறப்படும் எவருக்கும் இதைவிட மேலான இலக்கணம் இல்லை.

தமிழில் கண்ணோட்டம் என்ற சொல்லுக்கு இன்று நாம் கருத்து, பார்வைக் கோணம் என்றே பொருள் கொள்கிறோம். வள்ளுவர் அதே பெயரில் ஓர் அதிகாரம் அமைத்தபோது அச்சொல்லுக்குப் பொருள், பிறர்மேல் கண் ஓடும்போது நெஞ்சில் ஊறும் இரக்கம் என்பது. நாகரிகம் என்ற சொல்லையும் அவர் அந்த அதிகாரத்திலேயே வைத்தார். இலத்தீனில் நகரத்தாரைக் குறிக்கும் சொல்லிலிருந்து ஐரோப்பியரின் ‘சிவிலிசேஷன்’ பிறந்தது. மதீனாவிலிருந்து அரபியரின் ‘மதனிய்யா’ பிறந்தது. நகரத்திலிருந்து நம் ‘நாகரிகம்’ பிறந்தது. மூன்று மொழிகளும் ஊரைத்தான் காட்டின. அந்த ஊருக்குள் வாழத் தகுதி யாது எனக் காட்டியது வள்ளுவர் வைத்த இடம்.

கிளார்க்கும் இதை அறியாதவரல்லர். பிறர் மனம் நோகாது ஒழுகுவதைத் தம் இறுதி உரையில் போற்றியவர் அவர். அந்தப் பண்பின் ஒளியை அவர் ஸ்பெயினை நோக்கி ஒருமுறை திருப்பியிருந்தால் போதும்; ‘நாகரிகம்’ நிறைவான படைப்பாகியிருக்கும். அவருக்குக் கண்ணோட்டம் முதற்பொருளில் நிறைய இருந்தது. வள்ளுவர் கொண்ட பொருளில், நம்மைப் பொறுத்தவரை, குறைந்தது. நம் தீர்ப்பு இதுவே.

இத்தீர்ப்பு நம்மையும் கட்டும் என்பதை மறத்தலாகாது. அவர் நம்மை விட்டுவிட்டார் என்று குறைகூறும் நாம், நம் மேடைகளில் அல்ஹம்ராவைப் புகழும்போது சார்த்ர் பேராலயத்தை ஒரு சொல்லால் ஒதுக்குவோமாயின், அவர் செய்த பிழையையே இடவலம் மாற்றிச் செய்தவர்களாவோம். மக்களினங்களும் கிளைகளும் ஒருவரையொருவர் அறிந்துகொள்வதற்காகவே படைக்கப்பட்டன என்பது ஹுஜுராத் அத்தியாயம் தரும் அறிவுரை. ஆதலின் கிளார்க்கின் தொடரை நம் பிள்ளைகள் பார்க்கட்டும். அருகில் நாமும் அமர்ந்து பார்ப்போம். அவர் பேசும் இடத்தில் கேட்போம். அவர் விட்ட இடத்தில் நாம் பேசுவோம்.

நீதியோடு பார்க்கும் கண்ணையும், பார்த்ததை நேர்மையோடு சொல்லும் நாவையும் வல்ல அல்லாஹ் நம் அனைவருக்கும் அருள்வானாக! ஆமீன்.